கூட்டாமல் குறைக்காமல்

ஆங்கிலத்தில் எழுத்து ஒரு பக்கம் இழுக்கும், சத்தம் இன்னொரு பக்கம் இழுக்கும். இதை எனக்கு முதன்முதலில் படிப்பித்தவன் மிசிசாகாவில், விமான நிலையத்துச் சரக்குக் கிடங்கில் இருந்த ஒரு போர்மன். நான் கனடாவுக்கு வந்த புதிது. ரிசீட் என்ற சொல்லை, நடுவில் கிடந்த எழுத்தையும் விடாமல், ‘ரிசிப்ட்’ என்று வாசித்தேன். அவன் சிரித்தான். சிரித்ததோடு விட்டிருந்தால் பரவாயில்லை. மற்ற மூன்று பேரையும் கூப்பிட்டு, இன்னொரு தடவை சொல்லு என்றான். நானும் மடையன் மாதிரிச் சொன்னேன். அன்று வேலை முடிந்து வரும் வழியில் ஒரு கொப்பி வாங்கினேன்.

கொப்பியில் மூன்று பத்தி. முதலாவதில் ஆங்கிலச் சொல், இரண்டாவதில் அதைச் சொல்லும் விதம் தமிழ் எழுத்தில், மூன்றாவதில் பொருள். கேர்னல்: பட்டாளத்தில் பெரிய அதிகாரி, எழுத்தில் ஆர் கிடையாது, வாயில் மட்டும் எங்கிருந்தோ வரும். கீ: கப்பலைக் கட்டி நிறுத்தும் துறை, எழுதுவதைப் பார்த்தால் ‘குவே’ என்றுதான் யாருக்கும் வரும். டிமரிஜ்: சரக்கை நேரத்துக்கு இறக்காவிட்டால் கட்டும் தண்டம். இந்த அநியாயத்தை எல்லாம் யாரிடம் போய் முறையிடுவது? எழுதி வைத்துக்கொண்டேன். முப்பது வருடத்தில் பதினொரு கொப்பி நிறைந்தது.

ஸ்காபரோவில், மல்வேர்ன் பகுதியில் எங்கள் வரிசை வீடுகளில் யாருக்குக் கடிதம் வந்தாலும் என்னிடம்தான் கொண்டு வருவார்கள். பக்கத்து வீட்டுக் கீதன், “லிங்கண்ணை, இன்சூரன்ஸ்காரன் என்னவோ எழுதியிருக்கிறான், இது என்ன சொல்லு?” என்று வந்து நிற்பான். சொல்லைச் சொல்லி, பொருளைச் சொல்லி, அவன் வாயால் இரண்டு தரம் சொல்ல வைத்துத்தான் அனுப்புவேன். ஆலை இல்லாத ஊருக்கு இலுப்பைப்பூ சர்க்கரை. அந்தச் சர்க்கரை நான்தான் என்பதில் எனக்குக் கொஞ்சம் திமிரும் இருந்தது.

என் மனைவி சந்திரவதனாவுக்கு இதெல்லாம் பகிடி. அவள் ஒரு கேற்றரிங் சமையலறையில் இருபது வருடம் மட்டன் றோல் சுற்றியவள். பஸ் ஆங்கிலம், கடை ஆங்கிலம் அவளுக்குப் போதும். “உந்தக் கொப்பியிலை ஒரு சொல்லாவது சமைச்சுத் தின்னக் கூடியதாக் கிடக்கோ?” என்று கேட்பாள். ஆனாலும் வெளியில் என்னை விட்டுக்கொடுக்க மாட்டாள். அவர் சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்று நாலு பேருக்கு முன்னால் சொல்லுவாள். எங்களுக்குப் பிள்ளைகள் இல்லை. நானும் அவளும் கொப்பிகளும்தான்.

போன பங்குனியில் அவள் கண் மஞ்சளானது. செங்கமாரி என்று நினைத்துக் கீழ்க்காய்நெல்லி அரைத்துக் குடித்தாள். குறையவில்லை. குடும்ப வைத்தியர் ஸ்கானுக்கு அனுப்பினார், ஸ்கான் எடுத்தவர்கள் பெரிய ஆசுப்பத்திரிக்கு அனுப்பினார்கள். பித்தக் குழாய்க்குள் ஒரு சின்னக் குழாய் வைத்தார்கள். சதையில் துளி கிள்ளிச் சோதித்தார்கள். வருஷப்பிறப்பு முடிந்து மூன்றாம் நாள், முடிவைச் சொல்ல எங்கள் இரண்டு பேரையும் கூப்பிட்டார்கள்.

வரவேற்பு மேசையில் இருந்த பெண், தமிழ் மொழிபெயர்ப்பாளர் வேண்டுமா, இலவசம்தான் என்று கேட்டாள். வேண்டாம், எனக்கு ஆங்கிலம் சரளம் என்றேன். சொன்னதில் பாதி பெருமை. மற்றப் பாதி பயம். ஸ்காபரோவில் மொழிபெயர்க்க வருகிறவர் யாராவது எங்கள் கோயில் ஆளாக இருப்பார், அல்லது கோயில் ஆளின் மச்சாளாக இருப்பார். காலையில் ஆசுப்பத்திரியில் சொன்னது மாலைப் பூசைக்கு முன் மல்வேர்ன் முழுக்கத் தெரிந்துவிடும். மொழிபெயர்ப்பாளர் தேவையில்லை என்ற தாளில் கையெழுத்தையும் போட்டுக் கொடுத்தேன்.

வைத்தியர் வயதானவர், நிதானமான மனிதர். ஒரு சொல்லைச் சொன்னார். எனக்குப் பிடிபடவில்லை, எழுதித் தரச் சொன்னேன். ஒரு வரி நீளத்துக்கு எழுதினார். நான் அதைப் பிரித்துப் பார்த்து, முதல் தடவையிலேயே வாசித்தேன்: கொலாஞ்ஜியோ கார்சினோமா. அவர் புருவத்தை உயர்த்தினார். “என்னுடைய மாணவர்களே இவ்வளவு சரியாகச் சொல்வதில்லை” என்றார். சத்தியமாகச் சொல்கிறேன், எனக்குள் ஒரு சின்னச் சந்தோஷம் வந்தது. என்னைச் செருப்பால் அடிக்க வேண்டும்.

பிறகு அவர் பொருளைச் சொன்னார். பித்தக் குழாயில் புற்றுநோய். வெட்டி எடுக்க முடியாத இடத்தில் இருக்கிறது. மருந்து ஏற்றினால் ஒரு வருடம் கிடைக்கலாம், கிடைக்காமலும் போகலாம். கடைசியாக ஒன்று சொன்னார். உங்கள் மனைவிக்கு எங்காவது போக வேண்டும், யாரையாவது பார்க்க வேண்டும் என்றால் இப்போதே போய் வரட்டும். இன்னும் ஐந்து ஆறு கிழமைக்குத் தெம்பு இருக்கும். வந்த பிறகு மருந்தைத் தொடங்கலாம். அவர் என்ன விரும்புகிறார் என்று கேளுங்கள்.

வதனா என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். “என்னவாம்?” என்றாள்.

“பித்தக் குழாயிலை ஒரு வீக்கம். மருந்து ஏத்தினா மாறிவிடும். ஆறு மாசம் பிடிக்குமாம்” என்றேன்.

“உவ்வளவு நேரமா உதையோ சொன்னவர்?”

“பேர் நீளம். அதுதான். மருந்தை உடனை தொடங்கட்டாம், சரியோ?”

“நீங்கள் சொன்னாச் சரி” என்றாள்.

நான் வைத்தியரின் பக்கம் திரும்பி, உடனே மருந்தைத் தொடங்கவே என் மனைவி விரும்புகிறார் என்று நல்ல ஆங்கிலத்தில் சொன்னேன். அவர் அதைத் தட்டச்சு செய்துகொண்டார்.

நோயாளிக்கு இப்படிப்பட்ட வருத்தத்தைச் சொல்வதில்லை என்பது எங்கள் ஆட்களின் வழக்கம். என் தகப்பனுக்கும் சொல்லவில்லை, என் மாமிக்கும் சொல்லவில்லை. சொன்னால் மனம் உடைந்து முதலே போய்விடுவார்கள் என்பார்கள். நான் வழக்கத்தைத்தான் செய்தேன். ஆனால் வழக்கத்தைப் பின்பற்றிய மற்றவர்களிடம், அன்று வீட்டுக்கு வந்து அவள் என்னிடம் கேட்டது போல ஒரு கேள்வியைக் கேட்க ஒருவரும் இருக்கவில்லை.

அந்தக் கேள்வி லண்டனைப் பற்றியது. லண்டனில் அவளுடைய தங்கச்சி பரிமளம் இருக்கிறாள். எட்டு வருடம் இரண்டு பேருக்கும் பேச்சு இல்லை. காரணத்தைச் சொன்னால் சிரிப்பீர்கள். பரிமளம் புது வீடு குடிபூரலுக்குப் போன் எடுத்துச் சொல்லாமல் வாட்ஸ்அப்பில் அழைப்பிதழை மட்டும் அனுப்பிவிட்டாள். சொந்த அக்காவுக்குப் போட்டோவிலையோ சொல்லுறது என்று வதனா முகத்தைத் திருப்பியவள்தான். இந்த வருஷப்பிறப்புக்கு முதல் கிழமை பரிமளமே போன் எடுத்தாள். மகள் துர்க்காவுக்கு ஓகஸ்ட் கடைசியில் கலியாணம். “அக்கா, நீ வராமல் நான் தாலிக்குப் பொன் உருக்கமாட்டன்” என்று அழுதாள். இவளும் அழுதாள்.

ஆசுப்பத்திரியால் வந்து தேத்தண்ணி குடிக்கும்போது வதனா கேட்டாள். “இஞ்சேருங்கோ, நான் இப்பவே ஒரு எட்டுப் போய்ப் பரிமளத்தைப் பாத்திட்டு வரட்டோ? இல்லாட்டிக் கலியாணத்துக்குப் போகட்டோ? உங்கட லீவுக்கு ஒருக்காத்தான் போகலாம்.”

இப்போதே போ என்று சொல்ல என் நாக்கு நுனியில் வந்தது. சொன்னால் ஏன் என்று கேட்பாள். மருந்தைத் தள்ளிப்போட்டால் என்ன ஆகுமோ என்றும் பயம். ஓகஸ்ட்டுக்குள் மருந்து வேலை செய்துவிடும், கலியாணத்துக்கு நடந்தே போவாள் என்று எனக்கு நானே ஒரு கதையும் கட்டியிருந்தேன். “கலியாணத்துக்கே போவம். அப்ப எல்லாம் மாறியிருக்கும்” என்றேன். அவள் அந்தக் கிழமையே ஒரு சேலை எடுத்தாள்.

அவள் சந்தேகப்படவில்லையா என்று கேட்பீர்கள். கேட்டாள்தான். மருந்து ஏற்றும் அறையில் வரிசையாகக் கதிரைகள். ஒரு நாள் மெதுவாகச் சொன்னாள். “இஞ்சை இருக்கிற ஆக்கள் கனபேருக்குத் தலைமயிர் இல்லை, கவனிச்சனீங்களோ?” நான் உடனே, “உமக்குக் கொட்டேல்லைத்தானே. அதிலையே விளங்கேல்லையோ, உமக்கு அது இல்லை எண்டு?” என்றேன். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தேன். அவளும் தலையாட்டினாள். மல்வேர்ன் முழுக்க என்னிடம் வந்து பொருள் கேட்கிறது, அவள் நம்பாமல் என்ன செய்வாள்?

வீட்டில் போனில் பேசும்போது அந்த நீளமான பெயரை அவளுக்கு முன்னாலேயே தாராளமாகச் சொன்னேன். அது அவளுக்கு வெறும் சத்தம்தானே என்ற துணிச்சல். புதுச் சொற்களும் வந்து சேர்ந்தன. ஆடியில் அவள் வயிறு ஊதியது. அதற்குப் பெயர் அசைட்டீஸ். எழுத்தில் நடுவே ஒரு சீ கிடக்கும், அதைச் சொல்லக் கூடாது. பொருள்: வயிற்றில் நீர் கோர்த்தல். எழுதி முடித்துவிட்டு, கொப்பியை வைத்தபடி சமையலறையில் நின்று அழுதேன். சொல்லும் தெரியும், பொருளும் தெரியும், செய்வதற்குத்தான் ஒன்றும் தெரியவில்லை.

ஜூலை கடைசியில் போனபோது பழைய வைத்தியர் விடுமுறையில். புது வைத்தியர் ஒரு இளம் பெண். உள்ளே வந்ததும் என்னிடம் அல்ல, வதனாவிடம் கைகொடுத்தாள். மொழிபெயர்ப்பாளரை எடுக்கப் போகிறேன் என்றாள். தேவையில்லை, நான் கையெழுத்துப் போட்டிருக்கிறேன் என்றேன். “அது உங்களுடைய கையெழுத்து, அவருடையது அல்ல” என்று மரியாதையாகச் சொல்லிவிட்டு, மேசையில் இருந்த தொலைபேசியில் ஒரு இலக்கத்தை அமத்தி ஸ்பீக்கரில் போட்டாள். இரண்டு நிமிடத்தில் ஒரு பெண்ணின் குரல் வந்தது.

“வணக்கம். நான் தமிழ் மொழிபெயர்ப்பாளர். என்ர பேர் சொல்லக் கூடாது. இந்த அறையிலை ஆர் என்ன கதைச்சாலும், அவையே கதைக்கிற மாதிரி மற்றப் பாஷையிலை சொல்லுவன். ஒண்டும் கூட்டமாட்டன், ஒண்டும் குறைக்கமாட்டன்.” அதையே ஆங்கிலத்திலும் சொன்னாள். அவளுக்குப் பின்னால் குக்கர் விசில் அடித்தது. வீட்டில் இருந்து வேலை செய்கிறாள் போலிருக்கிறது. ஆங்கிலத்தில் யாழ்ப்பாணம் நன்றாகவே மணத்தது. அந்த நேரத்திலும் நான் மனதுக்குள் அவளுடைய உச்சரிப்பைத் திருத்திக்கொண்டிருந்தேன்.

வைத்தியர் முதல் கேள்வியைக் கேட்டாள். குரல் சொன்னது: “உங்கட வருத்தத்தைப் பற்றி உங்களுக்கு என்ன விளங்கியிருக்கு?”

வதனா நிமிர்ந்து இருந்தாள். யாரோ தன்னைக் கேட்கிறார்கள் என்ற தெளிவு முகத்தில் வந்தது. “பித்தக் குழாயிலை வீக்கம். மருந்துக்கு மாறிக்கொண்டு வருது. வயித்தை மட்டும் வத்தப் பண்ணித் தாங்கோ. வாற மாசம் நான் லண்டனுக்குக் கலியாணத்துக்குப் போக வேணும்.”

குரல் அதை ஆங்கிலத்தில் சொல்லி முடித்ததும் வைத்தியர் என்னைப் பார்த்தாள். நான் அவசரமாக ஆங்கிலத்தில் தொடங்கினேன். வாழ்க்கையில் நான் பேசிய மிகச் சுத்தமான ஆங்கிலம் அதுவாகத்தான் இருக்கும். ஒரு எழுத்துப் பிசகவில்லை. பேசி வாயை மூடுவதற்குள் தொலைபேசி அதைத் தமிழில் சொல்லத் தொடங்கியது.

“டொக்டர், தயவுசெய்து. அவவுக்கு ஒண்டும் தெரியாது. எங்கட ஆக்கள் சொல்லுறேல்லை. அவவுக்குப் பித்தக் குழாயிலை புற்றுநோய் எண்டதை மட்டும் தயவுசெய்து சொல்லிப் போடாதையுங்கோ. தாங்கமாட்டா.”

நான் எழுந்து நின்று “ஸ்டொப், ஸ்டொப்” என்றேன்.

“நிப்பாட்டுங்கோ, நிப்பாட்டுங்கோ” என்றது குரல்.

“தங்கச்சி, கும்பிட்டுக் கேக்கிறன், கொஞ்சம் பேசாமல் இருங்கோ” என்று தமிழில் கெஞ்சினேன். குரல் அதை வைத்தியருக்கு ஆங்கிலத்தில் சொன்னது, கும்பிட்டதையும் சேர்த்து. அவளைக் குறை சொல்ல என்ன இருக்கிறது? அவள் தன் வேலையைச் செய்தாள். அந்த அறையில் வாயைத் திறந்தால் இரண்டு பாஷையிலும் மாட்டுப்படுகிறவன் நான் ஒருவன்தான். வாயைப் பொத்திக்கொண்டு திரும்பக் கதிரையில் இருந்தேன்.

வதனா அழவில்லை. சேலைத் தலைப்பை ஒரு தடவை இழுத்துவிட்டாள். பிறகு தொலைபேசியைப் பார்த்துக் கேட்டாள்.

“இவருக்கு இது எப்ப தொடக்கம் தெரியும் எண்டு கேளுங்கோ.”

வைத்தியர் திரையைப் பார்த்தாள். “ஏப்ரல் பதினேழு” என்று குரல் சொன்னது.

“அப்ப நான் லண்டன் போயிருக்கலாமோ?”

வைத்தியர் நேரம் எடுத்துக்கொண்டு வாசித்தாள். குரலும் ஆறுதலாகவே சொன்னது. “ஓம். போயிருக்கலாம். முதல் போயிட்டு வந்து மருந்து தொடங்கலாம் எண்டு மற்ற டொக்டர் சொல்லியிருக்கிறார். உடனை மருந்தைத் தொடங்கத்தான் நோயாளிக்கு விருப்பம் எண்டு இதிலை எழுதியிருக்கு.”

“நான் அப்பிடிச் சொல்லேல்லை” என்றாள் வதனா.

குரல் அதை ஆங்கிலத்தில் சொன்னது. வைத்தியர் அதைத் தட்டச்சு செய்தாள். அந்த விசைகள் தட்டுப்படும் சத்தத்தைக் கேட்டுக்கொண்டு நான் தரையைப் பார்த்தேன். முப்பத்தொரு வருடம் அவள் பக்கத்தில் இருந்திருக்கிறேன், அன்றைக்குப் போல ஒரு நாளும் கூசவில்லை.

“இனிப் பிளேன் ஏறலாமோ?”

ஏலாது என்றாள் வைத்தியர். நீர் எடுத்தாலும் திரும்பக் கோர்க்கும், இரத்தத்தில் பிரச்சினை இருக்கிறது, ஏழு மணித்தியாலம் தாங்காது. எல்லாவற்றையும் குரல் சொன்னது, ஒன்றையும் விடாமல். எத்தனை மாதம் என்று வதனா கேட்டாள். மாதக் கணக்கு இல்லை, கிழமைக் கணக்குத்தான் என்று பதில் வந்தது. தொலைபேசியில் இருந்த பெண் அந்த இடத்தில், மன்னிக்கவும், மொழிபெயர்ப்பாளர் தண்ணீர் குடிக்கிறார் என்று இரண்டு பாஷையிலும் சொல்லிவிட்டுத் திரும்ப வந்தாள்.

வேறு ஏதாவது வேண்டுமா என்று வைத்தியர் கேட்டாள்.

“இந்தப் பிள்ளையை இன்னும் கொஞ்ச நேரம் லைனிலை வைச்சிருங்கோ. எனக்குக் கேக்கக் கிடக்கு. இவர் வெளியிலை இருக்கட்டும்” என்றாள் வதனா.

என்னைப் பார்த்துச் சொல்லவில்லை. தொலைபேசிக்குச் சொன்னாள். தொலைபேசி வைத்தியருக்குச் சொன்னது. வைத்தியர் என்னைப் பார்த்து ஆங்கிலத்தில் சொன்னாள், தொலைபேசி அதைத் திரும்பவும் தமிழில் சொன்னது. ஒரு மனிதனை வெளியே போகச் சொல்ல எத்தனை தரம் சொல்ல வேண்டும்? எழுந்து போனேன்.

கதவுக்கு வெளியே ஒரு பிளாஸ்ரிக் கதிரை. உள்ளே மூன்று பெண்களின் குரல் மாறி மாறிக் கேட்டது. சொல் ஒன்றும் பிடிபடவில்லை. வதனா நிறையப் பேசினாள், அது மட்டும் தெரிந்தது. நடுவில் ஒரு இடத்தில் சிரித்த மாதிரியும் கேட்டது. நாற்பது நிமிடம் இருந்தேன். சித்திரையிலிருந்து என்னை வைத்து அவள் வைத்தியர்களிடம் கேட்ட கேள்விகளை எண்ணிப் பார்த்தேன். எல்லாமாக ஐந்து.

காரில் வரும்போது, “என்ன கேட்டனீர்?” என்றேன்.

“அது நானும் டொக்டரும் கதைச்சது” என்றாள்.

சண்டை பிடித்திருந்தால் நல்லாயிருந்திருக்கும். பிடிக்கவில்லை. தேத்தண்ணிக்குச் சீனி காணாது, சன்னலைத் திறந்து விடுங்கோ என்று வீட்டுக் கதை மட்டும் கதைத்தாள். பரிமளத்தோடு கதைக்கும்போது அறைக் கதவைச் சாத்தினாள். கலியாணத்தன்று சேலையை உடுத்துக் கட்டிலில் சாய்ந்திருந்தாள், நான் போனைப் பிடித்துக்கொண்டு நின்றேன். தாலி கட்டும்போது கைநிறைய அரிசியை எடுத்துப் போனுக்கு எறிந்தாள். ஒன்பதாம் நாள் போய்விட்டாள்.

செத்தவீட்டுக்குப் பரிமளம் வந்தாள். அந்த நாற்பது நிமிடத்தைப் பற்றி ஏதும் சொன்னாளா என்று கேட்டேன். அவளுக்கும் தெரியாதாம். முப்பத்தோராம் நாள் கிரியை முடிந்து ஆசுப்பத்திரிக்குப் போய் அந்த வைத்தியரைக் கண்டேன். அவள் என் கையைப் பிடித்துக்கொண்டு, கணவருக்குச் சொல்ல வேண்டாம் என்று உங்கள் மனைவி கேட்டுக்கொண்டார், அதை மீற முடியாது என்றாள். மொழிபெயர்ப்புக் கொம்பனிக்குப் போன் எடுத்தேன். எழுதிய குறிப்புகளை அழைப்பு முடிந்தவுடன் கிழித்துப் போடுவது விதி, இலக்கம் மட்டும்தான் இருக்கிறது, ஆளைத் தர முடியாது என்றார்கள்.

என் மனைவி கடைசியாகத் தன் வாயால் என்ன கேட்டாள் என்று தெரிந்த பெண்கள் இரண்டு பேர் இந்த நகரத்தில் இருக்கிறார்கள். எனக்குச் சொல்ல இருவருக்கும் அனுமதி இல்லை.